முன்பின் அறியாத செவிகள்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். உற்றாரிடம் வாய் திறக்காத ஒருவர், பயணத்தில் பக்கத்து இருக்கைக்காரரிடம் மனத்தில் உள்ளதையெல்லாம் கொட்டிவிட்டுப் பாரம் குறைந்தவராய் இறங்கிப் போவதை நம்மில் பலர் கண்டிருப்போம். இதை வெறும் புலம்பல் என்று ஒதுக்குவது சரியன்று. அந்நியரிடம் சொன்ன சொல் வீட்டுக்குத் திரும்பி வராது. நாளை ஒரு சண்டையில் குத்திக்காட்டப்படாது. நெருங்கியவர்களிடம் மறைப்பதையும் மக்கள் அந்நியரிடம் மனம் திறந்து சொல்வதுண்டு என்று, ஜெர்மானியச் சமூகவியலாளர் சிம்மல் 1908-லேயே எழுதியிருக்கிறார்.

லண்டனில் 1953-இல், தற்கொலை எண்ணத்தால் தவிப்போருக்காகத் தொலைபேசி உதவியைத் தொடங்கிய பாதிரியார் சாட் வாரா, தம்மைச் சந்திக்கக் காத்திருந்தவர்களுள் பலர், அங்கே தேநீர் கொடுத்துப் பேச்சுத்துணையாக இருந்த தன்னார்வலர்களிடமே மனம்விட்டுப் பேசி ஆறுதல் அடைந்ததைக் கண்டார். மறு ஆண்டே கேட்கும் பணியை அவர்களிடம் ஒப்படைத்தார். இன்றைய சமாரிட்டன்ஸ் அமைப்பு அப்படி வளர்ந்ததுதான்.

ஆனால், கொட்டித் தீர்ப்பதெல்லாம் மனத்தை ஆற்றிவிடாது. உளவியலாளர் பிராட் புஷ்மன் 2002-இல் வெளியிட்ட ஆய்வில், தம்மைச் சினமூட்டியவரை நினைத்தபடி குத்துப்பையைக் குத்தியவர்களுக்கு, சும்மா அமர்ந்திருந்தவர்களைவிடக் கோபம் மிகுந்திருந்தது. ஆகவே, "அவனைச் சும்மா விடாதே" என்று ஏற்றிவிடுபவர் எரிகிற கொள்ளியில் எண்ணெய் ஊற்றுகிறார். அறிவுரையும் பல நேரங்களில் வாயை அடைத்துவிடுகிறது. "எல்லாம் சரியாகிவிடும்", "எனக்கு வந்த கஷ்டத்துக்கு இது ஒன்றுமே இல்லை" என்ற சொற்கள் நல்லெண்ணத்தில் பிறந்தவையே என்றாலும், சொல்ல வந்தவர் பாதியிலேயே நிறுத்திக்கொள்கிறார். குறுக்கிடாமல் கேட்பது, கேட்டதை வெளியே சொல்லாமலிருப்பது, சாகத் தோன்றுகிறதா என்று தயங்காமல் நேராக விசாரிப்பது, தேவையெனில் மருத்துவரிடம் அனுப்புவது ஆகியவை பழகினால்தான் வரும். சாகத் தோன்றுகிறதா என்று விசாரிப்பதால் இல்லாத எண்ணம் புதிதாக முளைத்துவிடாது என்பதை இங்கே அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். பிறர் துயரை நாள்தோறும் கேட்பவருக்கும், அதை இறக்கிவைக்க மூத்த தன்னார்வலர் ஒருவர் வேண்டும்.

கல்லூரிகளும் பணியிடங்களும் இப்பயிற்சிக்கு இடம் தர வேண்டும். தற்கொலைச் செய்திகளுடன் உதவி கிடைக்கும் இடங்களையும் தெரிவிக்குமாறு உலக சுகாதார நிறுவனம் ஊடகங்களை ஏற்கெனவே கேட்டுக்கொண்டுள்ளது. அச்செய்திகள் வரும் நாள்களில் மட்டுமன்றி, தங்கள் நாளிதழ் வாரம் ஒருமுறையேனும் உதவி எண்களை எளிதில் கண்ணில் படும் அளவில் வெளியிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்