கசாவெட்டீஸின் வகுப்பறை

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கடந்த ஞாயிற்றுக்கிழமை தங்கள் நாளிதழின் இணைப்பில், அமெரிக்கத் திரைக்கலைஞர் ஜான் கசாவெட்டீஸ் குறித்து வெளிவந்த கட்டுரையை ஆவலோடு படித்தேன். தமிழ் நாளிதழ் ஒன்று அவருக்காக இவ்வளவு இடம் ஒதுக்கியது கண்டு மகிழ்ந்தேன். அதற்கு முதலில் என் நன்றி. ஆயினும், அக்கட்டுரை அவருடைய வாழ்க்கையை மூன்று துண்டுகளாக்கி, எதிர்மறை வேடங்களில் பெயர் வாங்கிய குணச்சித்திர நடிகர், அதில் சலிப்புற்றுச் சொந்தப் படம் எடுக்கப் போனவர், கடைசியில் ஓய்வு கிடைத்தபோது மாணவர்களுக்குக் கற்பித்தவர் என்று வரிசைப்படுத்தியிருக்கிறது. பல ஆண்டுகளாக இளைஞர்களுக்கு நடிப்புப் பயிற்சி அளித்து வருபவன் என்ற முறையில், இந்த வரிசையை என்னால் ஏற்க இயலவில்லை. அவர் முதல் படத்தை இயக்குவதற்கு முன்பே ஆசிரியராகிவிட்டார். அந்த முதல் படமே அவருடைய வகுப்பிலிருந்துதான் வந்தது.

1929ஆம் ஆண்டு டிசம்பர் 9 அன்று, நியூயார்க் நகரில், கிரேக்க வம்சாவளிப் பெற்றோருக்குப் பிறந்தவர் கசாவெட்டீஸ். அமெரிக்க நாடகக் கலைக் கழகத்தில் பயின்றபின், 1950களில் தொலைக்காட்சியில் நேரலையாக ஒளிபரப்பான நாடகங்களில் நடித்துக் கவனம் பெற்றார். நடிகர் சிட்னி பாய்ட்டியருடன் நடித்த 'எட்ஜ் ஆஃப் தி சிட்டி' 1957இல் வெளிவந்தபோது அவருக்கு வயது 27. அந்த வயதில், கைநிறைய வேடங்கள் வந்துகொண்டிருந்த நேரத்தில், பர்ட் லேன் என்பவருடன் சேர்ந்து நியூயார்க்கில் நடிப்புப் பட்டறை ஒன்றை நடத்திக்கொண்டிருந்தார். அங்கே எழுதிவைத்த வசனம் எதுவுமின்றி, சூழலை மட்டும் சொல்லிவிட்டு மாணவர்களை நடிக்கவைத்த பயிற்சி ஒன்றுதான் அவருடைய முதல் படமான 'ஷேடோஸ்' படத்துக்கு வித்தானது. வானொலியில் ஜீன் ஷெப்பர்டின் இரவு நிகழ்ச்சிக்குச் சென்றிருந்த கசாவெட்டீஸ், சாதாரண மனிதர்களைப் பற்றிய படம் வேண்டுமென்றால் நேயர்களே பணம் அனுப்பலாம் என்று கேட்க, சிறுசிறு தொகைகளாக ஏறத்தாழ 2,000 டாலர் வந்து சேர்ந்தது. அந்தப் பணத்தையும் 16 மி.மீ. கேமராவையும் நம்பிப் பட்டறை மாணவர்கள் படப்பிடிப்பில் இறங்கினார்கள்.

அப்படத்தில் ஒரு காட்சியை நான் என் மாணவர்களுக்கு ஆண்டுதோறும் போட்டுக் காட்டுகிறேன். கறுப்பினக் குடும்பத்தில் பிறந்து, வெளிறிய நிறம் காரணமாக வெள்ளையராகவே பார்க்கப்படும் லீலியாவை அவள் வீட்டில் சந்திக்க வந்திருக்கிறான் வெள்ளை இளைஞனான டோனி. அந்நேரம் அவளுடைய அண்ணன் வீடு திரும்புகிறார். அவர் நிறம் கறுப்பு. 'இவர் என் அண்ணன்' என்பதைக் கேட்டதும் டோனியின் முகம் ஒரு கணம் வெறுமையாகிறது, பின் எதையோ சாக்குச் சொல்லி அங்கிருந்து நழுவப் பார்க்கிறான். அண்ணனுக்கு விளங்கிவிடுகிறது, தங்கைக்கும் விளங்குகிறது. நிறவெறி என்ற சொல்லை யாரும் உச்சரிப்பதில்லை. இடைவிடாத பயிற்சியால் ஒருவர் முகத்தை மற்றவர் படிக்கக் கற்றவர்களால் மட்டுமே அப்படி நடிக்க இயலும்.

1958இல் திரையிட்ட முதல் வடிவம் தமக்கே நிறைவளிக்கவில்லை என்பதால், கசாவெட்டீஸ் அதே நடிகர்களைத் திரும்ப அழைத்துப் பெரும்பகுதியைப் புதிதாகப் படம்பிடித்து, 1959இல் இரண்டாம் வடிவத்தை வெளியிட்டார். முதல் வடிவத்தைக் கொண்டாடிய விமர்சகர் ஜோனஸ் மெக்காஸ் இரண்டாவதைக் கடுமையாகச் சாடினார். யார் பக்கம் நியாயம் என்ற விவாதம் இன்றும் ஓயவில்லை. என் வரையில், பாராட்டுப் பெற்ற வேலையைத் தாமே குறைகண்டு திருத்திய அந்த மனம் ஒரு நல்லாசிரியரின் மனம்.

நடிப்பு அவருக்குச் சலித்துவிட்டது என்பதும் சரியன்று. 'ஜானி ஸ்டக்காட்டோ' என்ற துப்பறியும் தொலைக்காட்சித் தொடரில் அவர் 1959-60இல் நடித்தது, 'ஷேடோஸ்' வைத்துவிட்டுப் போன கடனை அடைக்கத்தான். ஸ்டான்லி கிரேமர் தயாரிக்க, தாம் இயக்கிய 'எ சைல்ட் இஸ் வெயிட்டிங்' (1963) படத்தைத் தயாரிப்பாளர் தம் விருப்பப்படி தொகுத்ததால் மோதல் முற்றி, ஸ்டூடியோ வாய்ப்புகள் அடைபட்டபோது, மீண்டும் பிறர் படங்களில் நடித்தே பிழைத்தார். 'தி டர்ட்டி டஜன்' (1967) படத்தில் மரண தண்டனை பெற்ற முரட்டுச் சிப்பாய் ஃப்ராங்கோவாக வந்து துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரையையும் பெற்றார். மறு ஆண்டில் 'ரோஸ்மேரிஸ் பேபி' படத்தில், தொழிலில் முன்னேறுவதற்காக மனைவியையே விலைபேசிவிடும் நடிகனின் வேடம். அவ்வேடத்தின் கசப்பு நம்மை உறுத்துகிறதென்றால், அதற்குக் காரணம் அவர் அதைக் கடமைக்குச் செய்யவில்லை என்பதே. ஒரு கையால் வாங்கிய ஊதியத்தை மறு கையால் தம் படங்களில் கொட்டினார் என்பது உண்மை. வாங்கிய ஊதியத்துக்கு அவர் உழைத்த உழைப்பும் அதே அளவு உண்மை.

அப்படிக் கொட்டிய பணத்தில் உருவானதே 'ஃபேசஸ்'. 1965இல் தம் வீட்டிலும் மாமியார் வீட்டிலும் வைத்து, பல மாதங்கள், கறுப்பு வெள்ளையில் எடுத்தார். நூறு மணி நேரத்துக்கும் மேல் குவிந்துவிட்ட படச்சுருளைத் தொகுத்து முடிக்க ஏறத்தாழ மூன்று ஆண்டுகள் ஆயின. 1968இல் வெளிவந்த அப்படத்துக்கு மூன்று ஆஸ்கர் பரிந்துரைகள் கிடைத்தன. அவற்றுள் ஒன்று லின் கார்லினுக்கு. இவர் ஒரு திரைப்பட நிறுவனத்தில் செயலாளராகப் பணிபுரிந்தவர், திரைக்குப் புதியவர். தட்டச்சுப் பொறியின் முன்னால் அமர்ந்திருந்த ஒரு பெண்ணிடம் அந்த நடிப்பைக் கண்டு வெளிக்கொணர்ந்தவரை இயக்குநர் என்று மட்டும் அழைத்தால் பாதிதான் சொன்னதாகும்.

தங்கள் கட்டுரை ஒரே வரியில் கடந்துவிட்ட 'எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளூயன்ஸ்' (1974) பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. அந்நாளில் அவர் அமெரிக்கத் திரைப்படக் கழகத்தில், அங்கேயே இருந்து மாணவர்களோடு பணியாற்றும் இயக்குநராக அமர்த்தப்பட்டிருந்தார். அக்கழகத்தின் மாணவர்கள் படக்குழுவிலேயே தொழில்முறைக் கலைஞர்களோடு சேர்ந்து வேலை செய்தார்கள். கரும்பலகையில் எழுதிப் போடாமல், விளக்கைத் தூக்கிப் பிடிக்கவும் ஒலியைப் பதியவும் வைத்துக் கற்பித்தார் என்பதே பொருள். பணத்துக்குத் தம் வீட்டை அடமானம் வைத்தார். 'கொலம்போ' தொடரால் புகழின் உச்சியில் இருந்த பீட்டர் ஃபாக், தாம் நடிப்பதோடு நில்லாமல் 5 லட்சம் டாலரும் போட்டார். விநியோகஸ்தர்கள் ஒதுங்கிக்கொண்டபோது, கசாவெட்டீஸும் நண்பர்களும் தாங்களே திரையரங்குகளோடு பேசிப் படத்தை வெளியிட்டார்கள்.

கதாநாயகி மேபலாக நடித்தவர் அவருடைய மனைவி ஜீனா ரோலண்ட்ஸ். இரவு முழுதும் வேலை பார்த்துவிட்டு வந்த தொழிலாளத் தோழர்களைக் கணவன் நிக் விடியற்காலையில் வீட்டுக்கு அழைத்துவருகிறான். மேபல் அவர்கள் அனைவருக்கும் ஸ்பகெட்டி சமைத்துப் பரிமாறுகிறாள். ஒவ்வொருவரிடமும் பெயர் கேட்கிறாள், ஒருவர் ஓபரா எனும் மேலை இசைநாடகப் பாடல் ஒன்றைப் பாடுகிறார், அவள் மெய்மறந்து அருகே போய் அவர் முகத்தையே பார்க்கிறாள். இன்னொருவரை ஆட வரும்படி வற்புறுத்துகிறாள்; அம்மனிதர் கூச்சத்தில் நெளிய, மேசை முழுதும் அமைதியாகிறது, நிக் வெடிக்கிறான். அன்பு எந்த இடத்தில் அத்துமீறலாகிறது என்பதை நம்மால் கோடு கிழித்துக் காட்ட முடியாது. காட்சி அத்தனை இயல்பாக இருப்பதால், நடிகர்கள் வாய்க்கு வந்ததைப் பேசுகிறார்கள் என்று பலர் நினைக்கிறார்கள், தங்கள் கட்டுரையும் அப்படியே எழுதியிருக்கிறது. அப்படத்துக்கு முழுமையான எழுத்துப் பிரதி இருந்தது. முதலில் அது மேடைக்காகவே எழுதப்பட்டது, நாள்தோறும் மேடையில் அந்தப் பாத்திரத்தைத் தாங்க இயலாது என்று ஜீனா சொன்னபிறகே திரைப்படமாயிற்று. வசனம் எழுதப்பட்டது, அதைப் பேசும் விதம் நடிகருக்கு விடப்பட்டது. இந்த வேறுபாட்டை விளங்கவைப்பதற்குள் எனக்குப் பாதி ஆண்டு கழிந்துவிடுகிறது.

இப்படத்தால் சிறந்த இயக்குநருக்கான பரிந்துரையும் சேர, நடிப்பு, திரைக்கதை, இயக்கம் என மூன்று பிரிவுகளிலும் ஆஸ்கர் பரிந்துரை பெற்ற அரிய கலைஞர்களுள் ஒருவரானார். பின்னாளில் அவருடைய 'குளோரியா' வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்க விருதைப் பகிர்ந்துகொண்டதும், 'லவ் ஸ்ட்ரீம்ஸ்' 1984இல் பெர்லின் விழாவில் தங்கக் கரடி விருது பெற்றதும் தங்கள் கட்டுரையில் சரியாகவே உள்ளன.

வகுப்பறைக்கு வெளியேயும் அவர் ஆசிரியராகவே இருந்தார். இளம் இயக்குநரான மார்ட்டின் ஸ்கோர்செஸி 1972இல் தாம் இயக்கிய 'பாக்ஸ்கார் பெர்த்தா' படத்தை அவருக்குப் போட்டுக் காட்டியபோது, ஓராண்டை வீணாக்கிவிட்டாய், மனதுக்கு நெருக்கமானதை எடு என்று முகத்துக்கு நேரே சொன்னார். மறு ஆண்டில் ஸ்கோர்செஸி, தாம் வளர்ந்த தெருக்களின் கதையான 'மீன் ஸ்ட்ரீட்ஸ்' படத்தைத் தந்தார். இந்த நிகழ்வை ஸ்கோர்செஸியே பலமுறை நன்றியோடு நினைவுகூர்ந்திருக்கிறார்.

கசாவெட்டீஸ் 1989 பிப்ரவரி 3 அன்று, தமது 59ஆம் வயதில் மறைந்தார். ஆகவே, தங்கள் கட்டுரை குறிப்பிடும் ஓய்வுக்காலம் என்று ஒன்று அவருக்கு வாய்க்கவே இல்லை. அடுத்த இணைப்பில் ஒரு சிறு திருத்தமாகவேனும், 1957ஆம் ஆண்டின் அந்த நியூயார்க் பட்டறையையும், அதில் நடித்துப் பழகிய மாணவர்களே 'ஷேடோஸ்' படத்தில் நடித்தார்கள் என்பதையும் வெளியிடுமாறு தங்களைப் பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்,
நடிப்புப் பயிற்சி ஆசிரியர்