இந்தத் தடவை ஆட்கள் பேசட்டும்

நண்பர்களே, மேட்டூர் அணையை வழக்கமாகத் திறக்கும் ஜூன் 12 நெருங்கினாலே அணை, குறுவை நெல், கடைமடைக்கு, அதாவது வாய்க்காலின் கடைசி வயல்களுக்கு, தண்ணீர் வருமா என்றுதான் பேசுகிறோம். இந்தத் தடவை நடவு ஆட்கள், மதகு திறக்கும் லஸ்கர், டீக்கடைக்காரர் என்று யாரையாவது பிடியுங்கள். ஒரு படம், ஐந்து நிமிடத்துக்குள் அவர் குரல் பதிவு, போதும். ‘வாழ்க்கை எப்படிப் போகுது’ என்று ஆரம்பித்தால் ‘ஏதோ ஓடுது’ என்பதோடு முடிந்துவிடும். பேராவூரணிப் பக்கம் ஒரு பெரியவரிடம், 2018 கஜா புயலுக்கு மறுநாள் முதலில் எந்தத் தென்னையைப் போய்ப் பார்த்தீர்கள் என்று கேட்டதற்கு, மகள் பிறந்தப்ப வைத்த கன்று என்று தொடங்கியவர், அவள் கல்யாணக் கடன் வரைக்கும் தானாகவே சொல்லிக்கொண்டு போனார். இழுவையும் இருமலும் அப்படியே இருக்கட்டும், வெட்டாதீர்கள். பேசியவரிடம் பதிவைப் போட்டுக் காட்டி, அவர் சரி என்ற பிறகுதான் குழுவில் போட வேண்டும். பெயர் வேண்டாமென்றால் வேண்டாம். அப்புறம், சிரிக்கச் சொல்லி எடுத்த படமும் செல்ஃபியும் தயவுசெய்து வேண்டாம். ஞாயிறு இரவுக்குள் அனுப்புங்கள்.