உன் ஊர்க்காரர் ஒருவரைப் பற்றி

அன்புள்ள மீனாவுக்கு,

அம்மா எழுதுவது. இங்கு எல்லோரும் நலம். அப்பாவுக்குச் சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறது, வாய்தான் கட்டுக்குள் இல்லை.

"டீமையே கலைச்சுட்டாங்கம்மா. நேத்து வரைக்கும் எனக்குக் கீழ வேலை பாத்தவங்களோட நானும் ஒருத்தியா உக்காரணும். அசிங்கமா இருக்கு" என்று போனில் சொன்னாய். போனில் நான் எது சொன்னாலும் "சரிம்மா, சரிம்மா" என்று வைத்துவிடுவாய். அதனால்தான் எழுதுகிறேன். வேலையில் இருப்பதும் விடுவதும் உன் இஷ்டம். அந்த "அசிங்கமா இருக்கு" என்றதோடுதான் எனக்குச் சண்டை.

குவின்சி சென்டர் ஸ்டேஷனை விட்டு வெளியே வந்தால் பெரிய தூண்கள் வைத்த கருங்கல் தேவாலயம் ஒன்று இருக்கிறதே, தினமும் அதைத் தாண்டித்தான் நீ ரயில் பிடிக்கிறாய். நான் வந்திருந்தபோது, நீ ஆபீஸ் போன பிறகு உள்ளே போய்ப் பார்த்தேன். நிலவறையில் நான்கு கல்பெட்டிகள். அமெரிக்காவின் இரண்டாவது ஜனாதிபதி ஜான் ஆடம்ஸ், அவர் மனைவி அபிகேல், ஆறாவது ஜனாதிபதியான மகன் ஜான் குவின்சி ஆடம்ஸ், அவர் மனைவி லூயிசா. மாமியாரும் மருமகளும் ஒரே அறையில். உயிரோடு இருந்தபோது அவ்வளவு ஒத்துப்போனவர்கள் இல்லை, பாவம்.

நான் சொல்ல வந்தது அந்த மகனைப் பற்றி. பள்ளியில் பாடம் நடத்திய காலத்தில் நானும் வாஷிங்டன், ஜெபர்சன், லிங்கன் என்று தாவிப் போனவள்தான். இந்த மனிதர் பாடப்புத்தகத்தில் அரை வரிகூடத் தேறமாட்டார். திரும்பி வந்த பிறகு இவரைத் தேடித் தேடிப் படித்தேன்.

1767இல் உன் ஊரிலேயே பிறந்தவர். அப்போது அதற்குப் பிரைன்ட்ரீ என்று பெயர். ஏழு வயதில் அம்மா கையைப் பிடித்துக்கொண்டு பென் குன்றில் நின்று, தூரத்தில், பிரிட்டிஷ் படையோடு நடந்த பங்கர் ஹில் சண்டையின் புகையைப் பார்த்திருக்கிறார். பத்து வயதில் அப்பாவோடு கப்பலேறி பிரான்ஸ். பதினான்கு வயதில் ரஷ்யாவுக்குப் போன அமெரிக்கத் தூதருக்குப் பிரெஞ்சு மொழிபெயர்ப்பாளர். பிள்ளையைக் கடல் தாண்டி அனுப்பிவிட்டு அபிகேல் எழுதிய கடிதம் ஒன்று இருக்கிறது. நீ ஒழுக்கம் கெட்டவனாக ஆவதைப் பார்ப்பதைவிட, கடந்துபோன அந்தக் கடலே உனக்குச் சமாதியாகியிருந்தால்கூடத் தேவலாம் என்று எழுதுகிறாள். பத்து வயதுப் பையனுக்கு! படித்தபோது எனக்குப் பகீரென்றது. நான் உனக்கு எழுதும் புத்திமதியெல்லாம் எவ்வளவு மிருது என்று இனியாவது தெரிந்துகொள்.

அப்படி வளர்ந்தவர் எப்படி இருப்பார்? ஹாலந்து, பிரஷ்யா, ரஷ்யா, இங்கிலாந்து என்று வரிசையாகத் தூதர் பதவி. நடுவில் செனட்டர். ஹார்வர்டில் பேச்சுக்கலைப் பேராசிரியர். எட்டு வருடம் வெளியுறவு அமைச்சர். 1821 ஜூலை 4 சுதந்திர தினத்தில், பேராசிரியர் அங்கியைப் போட்டுக்கொண்டு பேசிய பேச்சில்தான், அரக்கர்களை அழிக்கிறேன் என்று அமெரிக்கா வெளிநாடுகளில் தேடி அலைவதில்லை என்றார். எல்லோர் சுதந்திரத்துக்கும் அவள் நலம் விரும்பி, காவல் நிற்பது தன் சுதந்திரத்துக்கு மட்டுமே என்றார். இருநூறு வருடமாக, அந்த நாடு எங்கே படை அனுப்பினாலும் யாராவது ஒருவர் அந்த வரியை எடுத்து நீட்டுகிறார்கள். பன்னிரண்டு வயதில் தொடங்கிய நாட்குறிப்பு கடைசிவரை 51 தொகுதிகள். அதில் தன்னைப் பற்றியே எழுதுகிறார்: ஒட்டாதவன், குளிர்ந்தவன், கடுகடுப்பானவன்.

அந்தக் கடுகடுப்போடுதான் 1824 தேர்தலில் நின்றார். ஜனாதிபதியைத் தேர்ந்தெடுக்க மாநிலங்கள் அனுப்பும் தேர்வாளர்களின் வாக்கில் ஆண்ட்ரூ ஜாக்சனுக்கு 99, இவருக்கு 84. யாருக்கும் பெரும்பான்மை இல்லை என்பதால் நாடாளுமன்றத்தின் பிரதிநிதிகள் சபை முடிவு செய்ய வேண்டியதாயிற்று. சபாநாயகர் ஹென்றி கிளே இவர் பக்கம் சாய, மாநிலத்துக்கு ஒரு வாக்கு என்ற கணக்கில் 24 மாநிலங்களில் 13 இவருக்கு விழுந்தது. ஜெயித்ததும் அதே கிளேயை வெளியுறவு அமைச்சராக்கினார். பேரம், பேரம் என்று ஜாக்சன் ஆட்கள் நான்கு வருடமும் கத்தினார்கள். இப்படி ஒரு காரியத்தை நம் ஊர்ப் பஞ்சாயத்துத் தலைவர்கூட அவ்வளவு பச்சையாகச் செய்யமாட்டார். பதவியேற்புப் பேச்சிலேயே, எனக்கு முன்னிருந்த யாரையும்விட உங்கள் நம்பிக்கையைக் குறைவாகப் பெற்று வந்திருக்கிறேன் என்று அவரே சொல்லிவிட்டார். உண்மைதான். ஆனால் முதல் நாளே அதை யாராவது சொல்வார்களா?

அந்த வருடக் கடைசியில் காங்கிரசுக்கு, அதாவது அவர்கள் நாடாளுமன்றத்துக்கு, அனுப்பிய செய்தியில் தேசியப் பல்கலைக்கழகம் வேண்டும், வானாய்வுக்கூடம் வேண்டும் என்று கேட்டார். ஐரோப்பாவில் 130க்கு மேல் இருக்கிறது, நம்மிடம் ஒன்றுகூட இல்லை என்று சொல்லி, வானாய்வுக்கூடங்களை "வானத்தின் கலங்கரை விளக்கங்கள்" என்று எழுதினார். வருடக்கணக்கில் அந்த வரியை வைத்தே கேலி செய்தார்கள். ஒன்றும் நிறைவேறவில்லை.

ஆனால் 1828 ஜூலை 4 அன்று நடந்தது எனக்கு ரொம்பப் பிடிக்கும். செசபீக்–ஒகாயோ கால்வாய்க்கு முதல் மண் வெட்டும் விழா. நீண்ட பேச்சு தயார் செய்துகொண்டு போயிருக்கிறார். மண்வெட்டியை அழுத்தினால் உள்ளே மரவேர். மூன்று நான்கு தடவை குத்தியும் அசையவில்லை. மனிதர் கோட்டைக் கழற்றிப் போட்டுவிட்டு மறுபடி குத்தி, ஒரு தட்டு மண்ணை அள்ளிக் காட்டினார். கூட்டம் ஆரவாரம் செய்தது. என் பேச்சிலிருந்த அலங்காரம் மொத்தத்தையும்விட ஜனங்களுக்கு இதுதான் பிடித்தது என்று நாட்குறிப்பில் எழுதியிருக்கிறார். ஹார்வர்டில் பேச்சுக்கலை சொல்லிக் கொடுத்தவர்!

அந்த வருடமே ஜாக்சனிடம் படுதோல்வி. 178க்கு 83. புது ஜனாதிபதியின் பதவியேற்புக்குக்கூட இருக்காமல் விலகிப் போனார். அடுத்த மாதமே, பெற்றோரை ஊருக்குக் கூட்டிப் போக வந்துகொண்டிருந்த மூத்த மகன் ஜார்ஜ் நீராவிக் கப்பலிலிருந்து கடலில் விழுந்து இறந்தான். வயது 28. பிள்ளைகளிடம் அவர் பட்சமாக இருந்தவர் இல்லை. ஹார்வர்டில் ராங்க் குறைந்ததற்காக, விடுமுறைக்கு வீட்டுக்கே வரவேண்டாம், உன்னைப் பார்த்தால் எனக்கு வருத்தமும் வெட்கமும்தான் வரும் என்று இரண்டாவது மகனுக்கு எழுதிய அப்பா அவர். அந்த மகனும் 1834இல் போய்விட்டான். மூன்று பையன்களில் மிஞ்சியது கடைசியவன் மட்டும். அவரை நான் உத்தமர் என்று சொல்லவில்லை மீனா. அந்தக் கடிதத்தை அவர் எழுதாமல் இருந்திருக்கலாம் என்று இன்றைக்கும் எனக்குத் தோன்றுகிறது.

இனிமேல்தான் உனக்கான கதை.

1830இல் ஊர்க்காரர்கள் வந்து, பிரதிநிதிகள் சபைக்கு நிற்கிறீர்களா என்று கேட்டார்கள். ஜனாதிபதியாக இருந்தவர் சபையில் ஒரு சாதாரண உறுப்பினராக! லூயிசாவுக்குப் பிடிக்கவில்லை. மகன் சார்லஸ், குடும்ப மானம் போகிறது என்று நினைத்தான். கேட்க வந்தவர்களே, உங்கள் தகுதிக்கு இது குறைவோ என்று இழுத்தபோது அவர் சொன்ன பதில்: மக்கள் தேர்ந்தெடுத்து அனுப்பினால் காங்கிரசில் இருப்பதில் யாருக்கும் இழிவு இல்லை, முன்னாள் ஜனாதிபதி தன் ஊரின் நிர்வாகக் குழுவில் உட்கார்ந்தாலும் இழிவு இல்லை. ஜெயித்த பிறகு நாட்குறிப்பில், ஜனாதிபதி ஆனபோது கிடைத்த சந்தோஷம் இதில் பாதிகூட இல்லை என்று எழுதினார்.

1831 டிசம்பரில், 64 வயதில் போய் உட்கார்ந்தார். படி, நாளைக்கு 8 டாலர். வெளியுறவில் அந்த நாட்டிலேயே அவரை மிஞ்ச ஆள் கிடையாது. ஆனால் அவருக்குக் கொடுத்தது உற்பத்தித் தொழில்கள் குழு. முணுமுணுத்துக்கொண்டே அதையும் பார்த்தார். (இந்த இடத்தில் உன் புது புராஜெக்ட் ஞாபகம் வந்து சிரித்துவிட்டேன், கோபித்துக்கொள்ளாதே.)

முதல் மாதமே பென்சில்வேனியாவில் குவேக்கர் என்ற கிறிஸ்தவப் பிரிவினர் கொடுத்த பதினைந்து மனுக்களைத் தாக்கல் செய்தார். தலைநகரில் அடிமை முறையை ஒழிக்க வேண்டும் என்ற மனுக்கள். அன்றைக்கு அவருக்கே அந்தக் கோரிக்கையில் உடன்பாடு இல்லை, அதையும் எழுந்து சொன்னார். ஜனங்கள் கொடுத்தால் வாங்கி வைப்பது என் கடமை, அவ்வளவுதான் என்றார். மனுக்கள் ஆயிரக்கணக்கில் குவியவும், 1836இல் தென்மாநில உறுப்பினர்கள் ஒரு விதி கொண்டுவந்தார்கள்: அடிமை முறை பற்றிய எந்த மனுவையும் அச்சடிக்கவோ விவாதிக்கவோ கூடாது, வாங்கி ஓரமாகப் போட்டுவிட வேண்டும். சரியான வாய்ப்பூட்டு. வாக்கெடுப்பில் தன் பெயரைக் கூப்பிட்டதும், இது அரசியல் சட்டத்துக்கும் சபை விதிகளுக்கும் என் தொகுதி மக்களின் உரிமைக்கும் விரோதம் என்றார். "ஆர்டர்! ஆர்டர்!" என்ற கூச்சலுக்கு நடுவில்.

அதன்பிறகு எட்டு வருடம் அந்த மனிதர் செய்த அட்டகாசம் இருக்கிறதே! 1837 பிப்ரவரியில் ஒரு காகிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு, இது அடிமைகளிடமிருந்து வந்ததாகத் தெரிகிறது, விதிப்படி இதைத் தரலாமா என்று சபாநாயகரிடம் பவ்வியமாகக் கேட்டார். சபையே கொதித்தது. காகிதத்தைக் கொளுத்து என்றார்கள், ஆளை வெளியேற்று என்றார்கள். கண்டனத் தீர்மானமும் எழுதிவிட்டார்கள். எல்லோரும் கத்தி ஓய்ந்த பிறகு, மனுவில் என்ன இருக்கிறது என்று யாருமே கேட்கவில்லையே, அடிமை முறையை ஒழிக்க வேண்டாம் என்றல்லவா இதில் கேட்டிருக்கிறது என்றார். சபையோடு விளையாடுகிறார் என்று தீர்மானத்தைத் திருத்தி எழுத வேண்டியதாயிற்று.

அடுத்த வருடம், பெண்கள் கையெழுத்துப் போட்டு மனு அனுப்புவது அவர்களுக்கே இழுக்கு என்று மேரிலாந்து உறுப்பினர் ஒருவர் பேசிவிட்டார். டெக்சாசை நாட்டோடு சேர்ப்பது பற்றிய விவாதம் அது. கிழவர் ஜூன் 16இலிருந்து ஜூலை 7 வரை, காலையில் கிடைத்த நேரத்திலெல்லாம் எழுந்து பேசினார். நாட்டுக்காகவும் மனிதர்களுக்காகவும் பெண்கள் வீட்டு வட்டத்தை விட்டு வெளியே வருவது குற்றமில்லை, அதுதான் மிக உயர்ந்த குணம் என்றார். 1838இல்! குரல் கீச்சென்று போகும், கை நடுங்கும். ஆனாலும் அவருக்கு விழுந்த பட்டப்பெயர் "சொல்வன்மைக் கிழவர்".

1842இல் உன் மாநிலத்து ஹேவர்ஹில் ஊர்க்காரர்கள், இந்த நாட்டையே அமைதியாகப் பிரித்துவிடுங்கள் என்று மனு கொடுத்தார்கள். அதையும் கொண்டுபோய் வைத்தார். மறுபடி கண்டனத் தீர்மானம். தற்காப்புக்கு எழுந்தவர், சுதந்திரப் பிரகடனத்தின் முதல் பகுதியைப் படிக்கச் சொல்லி எழுத்தரைக் கேட்டார். கெட்ட அரசை மாற்றுவது மக்களின் உரிமை, கடமை என்ற இடத்தில் "அதைப் படி, அதைப் படி" என்ற மாதிரி நின்றிருக்கிறார். இரண்டு வாரம் பேசி, இன்னும் ஒரு வாரம் வேண்டும் என்றதும் ஆளை விட்டால் போதும் என்று 106க்கு 93 வாக்கில் தீர்மானத்தை ஒத்திவைத்துவிட்டார்கள். 1844 டிசம்பரில் வாய்ப்பூட்டு விதியே போயிற்று.

அதற்கு நடுவில்தான் அமிஸ்டாட் வழக்கு. ஆப்பிரிக்காவிலிருந்து கடத்தி, ஹவானாவில் விற்கப்பட்ட 53 பேர் அமிஸ்டாட் என்ற கப்பலில் கலகம் செய்து, கடைசியில் அமெரிக்கச் சிறையில் கிடந்தார்கள். அதில் காலே என்று ஒரு சிறுவன். சிறையில் கற்ற ஆங்கிலத்தில் ஆடம்சுக்கு எழுதினான்: உங்களுக்குப் பிள்ளைகள் இருக்கிறார்கள், அவர்கள்மேல் உங்களுக்குப் பாசம் உண்டு, எங்கள் மெண்டி ஜனங்கள் வந்து அவர்களையெல்லாம் ஆப்பிரிக்காவுக்குத் தூக்கிக்கொண்டு போனால் உங்களுக்கு எவ்வளவு துக்கமாக இருக்கும். இரண்டு மகன்களைப் பறிகொடுத்தவருக்கு இந்தக் கடிதம்.

அவர்களுக்காக வாதாட ஒப்புக்கொண்டார். உச்ச நீதிமன்றத்தில் அவர் வாதாடி முப்பது வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது. வயது 73. 1841 பிப்ரவரி 24 அன்று, மனம் முழுக்கக் குழம்பிப் போய் நடந்தேன், பிரார்த்தனை தவிர என்னிடம் எதுவும் மிச்சமில்லை என்று எழுதியிருக்கிறார். போய் நின்று நாலரை மணி நேரம் பேசினார். அந்த நீதிமன்ற அறையின் தூணில் சுதந்திரப் பிரகடனத்தின் பிரதி மாட்டியிருந்தது. அதைக் காட்டி, இவர்கள் வழக்குக்கு எனக்குத் தெரிந்த சட்டம் இதுதான் என்றார். அன்று இரவே நீதிபதி ஒருவர் இறந்துபோக, மார்ச் 1 அன்று மீதியைப் பேசினார். மார்ச் 9 அன்று அவர்கள் சுதந்திர மனிதர்கள் என்று தீர்ப்பு. உயிரோடு மிஞ்சிய 35 பேர் அந்த நவம்பரில் ஊருக்குக் கப்பலேறினார்கள்.

அமைச்சராக, ஜனாதிபதியாக அதிகாரத்தில் இருந்த பன்னிரண்டு வருடத்தில் அடிமை முறைக்கு எதிராகப் பொதுவில் அவர் பெரிதாக வாய் திறக்கவில்லை. நாட்குறிப்பில் எழுதிப் பூட்டி வைத்தார். எட்டு டாலர் நாற்காலிக்கு வந்த பிறகுதான் வாய் திறந்தது. இழக்க ஒன்றும் இல்லாததாலா, ஜெயிக்க வேண்டிய தேர்தல் பெரிதாக ஒன்றும் மிச்சமில்லாததாலா, எனக்குச் சரியாகச் சொல்லத் தெரியவில்லை. நீ யோசித்துப் பார்.

கேலிக்கு ஆளான அந்தக் கலங்கரை விளக்கம்? 76 வயதில், இருமலோடு, நவம்பர் குளிரில் சின்சினாட்டி வரை போய், மழையில் வானாய்வுக்கூடத்துக்கு அடிக்கல் நாட்டினார். அந்தக் குன்றுக்கு இன்றைக்கு அவர் பெயர்.

1848 பிப்ரவரி 21. மெக்சிகோ போரில் சண்டையிட்ட தளபதிகளைக் கௌரவிக்கும் தீர்மானம். அந்தப் போரே அநியாயம் என்பது அவர் வாதம். உரக்க "கூடாது" என்று வாக்களித்துவிட்டு, சற்று நேரத்தில் எழ முயன்றவர் பக்கத்தில் இருந்தவர் கையில் சாய்ந்தார். சபாநாயகர் அறைக்குத் தூக்கிப் போனார்கள். இரண்டு நாளில் அங்கேயே போய்விட்டார். அப்போது சபையில் முதல் முறை உறுப்பினராக ஆபிரகாம் லிங்கன் இருந்தார்.

சம்பளம் போதவில்லை என்று வேலையை விடு, வேலை பிடிக்கவில்லை என்று விடு, வேறு இடத்தில் நல்லதாகக் கிடைத்தது என்று விடு. ஒன்றும் சொல்லமாட்டேன். அப்பா, "பொண்ணை ராஜினாமா பண்ணிட்டு வரச் சொல்லு, நமக்கென்ன தலையெழுத்தா" என்கிறார். அவர் பேச்சைக் கேட்பதானாலும் கேள். நாற்காலி மாறியதை மட்டும் காரணமாகச் சொல்லாதே.

பருப்புப் பொடியும் கறிவேப்பிலைப் பொடியும் அனுப்பியிருக்கிறேன். ஊறுகாயைக் கூரியர்காரன் வாங்க மாட்டேன் என்றுவிட்டான். திங்கட்கிழமை மீட்டிங் முடிந்ததும் போன் பண்ணு, இங்கே என்ன மணியானாலும் பரவாயில்லை. புது மேனேஜர் எப்படி என்று அப்போது சொல்.

அன்புடன்,
அம்மா