பொழுதுச்சுவடி எழுதும் மகளுக்கு

அன்புள்ள பாப்பா,

நீ எழுதிவரும் 'பொழுதுச்சுவடி' கதையின் அத்தியாயங்களை வாசித்துவிட்டேன். அம்மாவுக்குப் படங்கள்தான் பிடித்தன. "அந்த நீலப் பூவை யாரும்மா வரைஞ்சா, உசிரோட இருக்கே" என்றாள். கடாரத்து மண்ணில், அதாவது இன்றைய கெடாவில், ஓர் ஓலைச்சுவடி கிடைக்கிறது, ஓலைக்கு ஒரு மூலிகை, அதை முகர்ந்தவர் வேறொரு காலத்தில் போய் நிற்கிறார் என்று நீ கட்டியிருக்கும் கற்பனை என்னைத் தூங்கவிடவில்லை. மெல்பர்னில் இருந்துகொண்டு இதைத் தமிழில் யோசித்தாயே, அதுவே எனக்குப் பெரிய சந்தோஷம். நாலு விஷயம் சொல்லத் தோன்றுகிறது, கேட்டுக்கொள்.

சுவடி சோழர் காலத்துச் சித்தர் ஒருவர் எழுதியது, ஆயிரம் ஆண்டு பழசு என்கிறாய். ஆனால் நான்காம் ஓலையில் நாகலிங்கப் பூ இருக்கிறது. இங்கே பினாங்கில், தண்ணீர்மலை அடிவாரத்துத் தாவரவியல் பூங்காவில் நீ சின்னப் பிள்ளையாய்ப் பொறுக்கி வந்த அதே பூ. கிளையை விட்டுவிட்டு அடிமரத்திலேயே கொத்துக் கொத்தாய்ப் பூக்குமே, அந்த மரம். சிவன் கோவிலில் பார்த்துப் பார்த்து நம் நாட்டு மரம் என்றே நினைத்துவிடுகிறோம். அதன் பிறப்பிடம் தென் அமெரிக்கா. நீ வரைந்திருக்கும் அந்திமந்தாரை, தொட்டாற்சிணுங்கி, இரவில் விரியும் நிஷாகந்தி எல்லாமே அமெரிக்கக் கண்டங்களிலிருந்து வந்தவைதான். கொலம்பஸ் கப்பல் ஏறியது 1492இல். உன் சித்தர் இவற்றைக் கண்ணால் கண்டிருக்க வழியே இல்லை.

அதற்காக அந்தப் பூவை அழித்துவிடாதே, மா. அதையே கதையின் முடிச்சாக வை. செடி தெரிந்த ஒருத்தி சுவடியைப் புரட்டுகிறாள், நாகலிங்கத்தைக் கண்டதும் கை நின்றுவிடுகிறது. இந்தப் பூ இந்த ஓலைக்கு எப்படி வந்தது? ஒன்று, சுவடி போலி. இல்லையென்றால் எழுதியவர் நிஜமாகவே காலம் தாண்டிப் போய்ப் பார்த்துவிட்டு வந்தவர். வேறு எந்தச் சாட்சியும் உனக்கு வேண்டியதில்லை.

ஓலையைப் பற்றியும் சொல்ல வேண்டும். நம் ஊர் ஈரத்திலும் பூச்சியிலும் ஓலை ஆயிரம் ஆண்டு தாங்காது. சில நூறு ஆண்டு தாங்கினாலே பெரிது. பழைய ஏடு நைந்துபோகும் முன்னே புது ஓலையில் படியெடுத்துத்தான் நம் நூல்கள் பிழைத்தன. எடுக்காதவை செல்லுக்கு இரையாயின. ஆடிப்பெருக்கில் ஆற்றோடு விட்டதும் உண்டு என்று உ.வே.சாமிநாதையர் வருந்தி எழுதியிருக்கிறார். ஆகவே உன் கதாநாயகி கையில் இருப்பது படியின் படியாகத்தான் இருக்க முடியும். அதைத் தாளிப்பனை ஓலையாக வைத்துக்கொள். அந்தப் பனை முப்பது ஆண்டோ எண்பது ஆண்டோ பூக்காமலே வளரும். கடைசியில் ஒரே ஒரு முறை, உச்சியில் ஆள் உயரத்துக்கும் மேலே பிரம்மாண்டமாய்ப் பூத்து, காய்த்து, பட்டுப்போகும். காலத்தைப் பேசும் சுவடியை எழுத இதைவிடப் பொருத்தமான ஓலை ஏது?

பாட்டியின் தகரப்பெட்டியில் இருந்த சாதக ஓலையை நேற்று எடுத்துப் பார்த்தேன். மை போய்விட்டது. நேராகப் பிடித்தால் வெறும் ஓலை. சன்னல் பக்கம் சாய்த்தால்தான் எழுத்தாணி கீறிய கோடுகள் தெரிகின்றன. விளக்குக் கரியை எண்ணெயில் குழைத்துத் தடவித் துடைத்தேன், கீறலுக்குள் கரி தங்கி எழுத்து எழுந்து வந்தது. மெய்யெழுத்துக்குப் புள்ளி கிடையாது. சொல்லுக்குச் சொல் இடைவெளி இல்லை. இன்னும் பழைய ஏடானால் எ, ஏ இரண்டும் ஒரே உருவம்தான், அவற்றைப் பிரித்தது 18ஆம் நூற்றாண்டின் வீரமாமுனிவர். உன் படத்தில் சுவடி எழுத்துக்குப் புள்ளி வைத்திருக்கிறாய், எடுத்துவிடு.

அந்த ஓலையில் ஆண்டின் பெயர் மட்டும்தான் இருக்கிறது. எண் இல்லை. பிரபவ முதல் அட்சய வரை அறுபது பெயர்கள் திரும்பத் திரும்ப வரும் அல்லவா? விகாரி என்று எழுதியிருந்தால் அது 2019ஆ, 1959ஆ, 1899ஆ? உன் கதைக்கு இது பொன்னான வாய்ப்பு. முகர்ந்தவள் விகாரி ஆண்டுக்குப் போகிறாள், ஆனால் எந்தச் சுற்றின் விகாரி என்று போய்ச் சேரும்வரை தெரியாது.

"நள்ளிரவு 12 மணிக்குப் பறிக்க வேண்டும்" என்ற வரி மட்டும் உறுத்துகிறது. நமக்கு யாமம் இருக்கிறது, நாழிகை இருக்கிறது. ஒரு நாளை ஆறு சிறுபொழுதாகப் பிரித்து, பொழுதுக்குப் பத்து நாழிகை, நாழிகைக்கு 24 நிமிடம் என்று கணக்கு வைத்த இனம். நிலமும் பொழுதும்தான் முதற்பொருள் என்கிறது தொல்காப்பியம். குறிஞ்சிக்கு யாமம், முல்லைக்கு மாலை, மருதத்துக்கு வைகறை, நெய்தலுக்கு வெயில் சாயும் எற்பாடு, பாலைக்கு நண்பகல். பூவின் பெயரில் நிலம், நிலத்துக்கு ஒரு பொழுது. நீ தேடும் மந்திர விதி இதற்குள்ளேயே இருக்கிறது: முல்லை மாலையில் மட்டும் வழி திறக்கட்டும், குறிஞ்சி யாமத்தில் மட்டும். நீலக்குறிஞ்சி பன்னிரண்டு ஆண்டுக்கு ஒரு முறைதான் பூக்கும். 2006, 2018, அடுத்தது 2030. அந்த வழியைத் தவறவிட்டவள் எவ்வளவு காலம் காத்திருக்க வேண்டும், பார்.

கடாரத்துக் கதையென்றால் இந்த மண்ணின் செடிக்கும் ஓர் ஓலை கொடு. வகுப்பில் பெரும்பொழுது, அதாவது ஆண்டின் பருவங்கள், நடத்தும்போது முன்பனி, பின்பனி என்பேன். பினாங்குப் பிள்ளைகள் பனியை எங்கே கண்டார்கள்? இங்கே காலம் வேறு விதமாய் நடக்கிறது. பாலிக் பூலாவில் டுரியான் பூ சாயங்காலம் விரிந்து, இரவில் வௌவாலை வரவழைத்து, விடிவதற்குள் இதழ் உதிர்த்துவிடும். மெராந்தி மரங்கள் பல ஆண்டு சும்மா நின்றுவிட்டு, ஓர் ஆண்டு காடே சேர்ந்து பூக்கும். இரண்டு ஆண்டும் ஆகலாம், பத்தும் ஆகலாம். எந்தப் பஞ்சாங்கத்துக்கும் அது அடங்காது.

ஒன்றை மட்டும் கண்டிப்பாகச் சொல்கிறேன். சாவை விரட்டும் மருந்து என்று ஊமத்தையும் வேறு இலைகளும் சேர்த்து அளவோடு எழுதியிருக்கிறாய். அளவுகளை எடுத்துவிடு. ஊமத்தை விஷம். அந்தப் பக்கத்தை யாராவது படம் பிடித்து "சித்தர் ரகசியம்" என்று புலனத்தில் (வாட்ஸ்அப்பில்) அனுப்புவார்கள், யாரோ ஒரு பாட்டி நம்பிக் காய்ச்சிக் குடிப்பார். கற்பனைச் சுவடி என்று முதல் பக்கத்திலேயே பெரிய எழுத்தில் போடு. சாகாமருந்து வேண்டுமென்றால் நெல்லி போதும். மலைப்பிளவில் அரிதாய்க் கிடைத்த கனியைத் தான் உண்ணாமல் அதியமான் ஒளவைக்குக் கொடுத்தானே, "சாதல் நீங்க எமக்கு ஈத்தனையே" என்று புறநானூற்றில் அவள் பாடினாளே, அதற்கு அளவும் தேவையில்லை, செய்முறையும் தேவையில்லை.

கடைசி ஓலையில் படியெடுத்தவரின் பெயரும் ஊரும் வர வேண்டும், ஏடுகளில் அது வழக்கம். அவர் யார் என்று நீ இன்னும் முடிவு செய்யவில்லை என்று தோன்றுகிறது. யோசித்து எழுது. பாட்டியின் ஓலையைப் படம் எடுத்து நாளைக்கு அனுப்புகிறேன், எழுத்தின் வளைவைப் பார்த்து வரைய உதவும்.

அன்புடன்,
அப்பா