டின் பாலும் ஒரு கையெழுத்தும்

அன்புள்ள செல்வி,

உன் கடிதம் வந்து மூன்று வாரம் ஆகிறது. பதில் எழுதவில்லை என்று கோபித்துக்கொள்ளாதே. இங்கே அமெரிக்காவில் வீடே ஒரு டின் பால்பவுடரைச் சுற்றித்தான் ஓடிக்கொண்டிருந்தது. உன் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? தைலத்தையே நம்பிக்கொண்டு இருக்காமல் ஹைகிரவுண்டு ஆஸ்பத்திரிக்குப் போய் ஒருதரம் காட்டிவிடு.

உன் அண்ணன் மகள் டெக்சாஸில் மாசமாக இருக்கிறாள், மருமகன் இன்னும் படித்துக்கொண்டிருக்கிறார் என்று எழுதியிருந்தாயே, அதனால்தான் இதை விரிவாக எழுதுகிறேன். எங்கள் மாப்பிள்ளையும் அதே கேஸ்தான். ஆராய்ச்சி மாணவருக்குக் கிடைக்கும் உதவித்தொகையில் மூன்று பேர் சாப்பிட வேண்டும். சின்னவளுடைய விசாவில் வேலைக்குப் போக முடியாது.

சின்னவளுக்குப் பால் போதவில்லை. சுறாப்புட்டுக்கு இந்த ஊரில் நான் எங்கே போவேன்! பூண்டாக உரித்துப் போட்டேன். அப்படியும் பற்றாமல் கூடவே சாதாரண பால்பவுடரும் கொடுத்தார்கள். ஐந்தாவது வாரத்தில் பேத்தி குடித்ததையெல்லாம் கக்க ஆரம்பித்தாள். ராத்திரி முழுக்க அழுகை. ஒருநாள் பிள்ளை கழிந்த துணியில் சளியோடு நூல் மாதிரி ரத்தம். வசம்பைச் சுட்டு உரைத்துக் கொடுக்கலாம் என்றேன். சின்னவள் பார்த்த பார்வையில் வாயை மூடிக்கொண்டேன்.

பசும்பாலில் உள்ள புரதம் பிள்ளைக்கு ஆகவில்லை என்று டாக்டரம்மா சொன்னார். தாய் சாப்பிடும் தயிர், நெய் வழியாகவும் அது பிள்ளைக்குப் போகுமாம். அன்றிலிருந்து சின்னவளுக்குத் தயிர்சாதம் கிடையாது. பிள்ளைக்கு, அந்தப் புரதத்தை முன்கூட்டியே துண்டு துண்டாக உடைத்துச் செய்த ஒரு பவுடர். அதுவும் ஆகாவிட்டால் அதற்கும் மேலே, புரதத்தின் கடைசித் துண்டான அமினோ அமிலமாகவே செய்தது ஒன்று இருக்கிறதாம். விலையைக் கேட்காதே. சரி, கேட்டுக்கொள்: நாங்கள் வாங்கிய டின் நாற்பது டாலருக்குப் பக்கம். மூன்று நாளில் காலி.

இங்கே ‘விக்’ (WIC) என்று ஒரு திட்டம் இருக்கிறது. கர்ப்பிணிகள், பிள்ளை பெற்றவர்கள், கைக்குழந்தைகள், ஐந்து வயது வரையுள்ள பிள்ளைகள், இவர்களுக்கு மத்திய அரசு பணத்தில் மாநிலங்கள் நடத்துவது. 1972இல் சோதனையாகத் தொடங்கி 1975இல் நிரந்தரமாக்கினார்கள். உன் அங்கன்வாடித் திட்டமும் அதே 1975தானே? இதைப் படித்ததும் உன் ஞாபகம்தான் வந்தது. வறுமைக்கோட்டு வருமானத்தைப்போல் 185 சதவீதம் வரை இருந்தால் சேரலாம். பேத்தி இங்கே பிறந்தவள், மெடிக்கெய்ட் என்கிற அரசுக் காப்பீட்டில் இருக்கிறாள். அதில் இருந்தால் வருமானத்தைத் தனியாகத் துருவுவதில்லை. குடியுரிமையும் கேட்பதில்லை. மாப்பிள்ளைதான் கூச்சப்பட்டார். பிள்ளை பசிக்குக் கூச்சம் பார்க்கலாமா என்றேன்.

சேர்ந்தது சுலபம். சிக்கல் அப்புறம்தான். விக் கொடுப்பது, அந்தந்த மாநிலம் ஒப்பந்தம் போட்டிருக்கும் ஒரே கம்பெனியின் சாதாரண பவுடரை. டின்னுக்கு இவ்வளவு என்று கம்பெனி மாநிலத்துக்குத் திருப்பித் தரும். 1989இலிருந்து இப்படிச் செலவைக் குறைக்க வேண்டும் என்று சட்டமே இருக்கிறது. திரும்பி வரும் பணத்தில் இன்னும் எத்தனையோ பேருக்குக் கொடுக்கிறார்கள். அதனால் வேறு டின் கேட்டால் டாக்டர் எழுத்து வேண்டும் என்கிறார்கள். இதில் எனக்கு அவர்கள்மேல் வருத்தமில்லை. நீயும் சத்துமாவுப் பொட்டலத்துக்குக் கணக்கு எழுதியவள்தானே.

டாக்டர் ஆபீஸிலிருந்து முதலில் போன காகிதத்தில் பவுடர் பெயர் மட்டும்தான் இருந்தது. ஒரு நாளைக்கு எவ்வளவு, எத்தனை மாதத்துக்கு என்று இல்லை. திருப்பி அனுப்பிவிட்டார்கள். இரண்டாவது தரம் எல்லாம் இருந்தது, காரணம் என்கிற இடத்தில் ‘கக்குகிறது, அழுகிறது’ என்று எழுதியிருந்தார்கள். கக்காத பிள்ளை உண்டா? அதுவும் திரும்பி வந்தது. மெடிக்கெய்ட் தருமா என்று கேட்டால் முதலில் விக்கில் கேளுங்கள் என்றார்கள். (இந்த முறை மாநிலத்துக்கு மாநிலம் மாறும். உன் அண்ணன் மகளை டெக்சாஸில் எப்படி என்று முன்கூட்டியே கேட்டுவைக்கச் சொல்.) இதற்குள் கைக்காசில் ஐந்து டின் வாங்கியாயிற்று. மாப்பிள்ளை மத்தியானம் வெறும் ரொட்டியைத் தின்றுகொண்டு, பசிக்கவில்லை என்று என்னிடமே பொய் சொன்னார்.

மூன்றாவது தரம் விக் ஆபீஸுக்கு நேரிலேயே போனோம். பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு நானும் போனேன். அங்கிருந்த ஊட்டச்சத்து அலுவலர் அம்மா காகிதத்தைப் பார்த்துவிட்டு, “ரத்தம் போனது இதில் இல்லையே?” என்றார். இல்லை. நோயின் பெயரும் இல்லை. அவரே டாக்டர் ஆபீஸுக்கு ஃபோன் போட்டார். பிள்ளைக்கு உணவு தடைப்படும் என்றால் ஃபோனில் கேட்டு எழுதிக்கொண்டு அப்போதைக்குக் கொடுக்கலாமாம், கையெழுத்துப் போட்ட காகிதம் பின்னாலேயே வந்தாக வேண்டும். அப்படி ஒரு விதி இருப்பதை அதுவரை யாரும் எங்களுக்குச் சொல்லவில்லை. நாங்களும் கேட்கவில்லை. ‘பசும்பால் புரத ஒவ்வாமை, மலத்தில் ரத்தம்’ என்று அவர் எழுதிய ஒரே வரியில் மூன்று வாரத்துச் சண்டை தீர்ந்தது. எனக்கு அழுகை வந்துவிட்டது. தமிழிலேயே நன்றி சொல்லிவிட்டு வந்தேன்.

அதோடு முடிந்தது என்று நினைத்தாயா? கடையில் அதே பெயர், அதே நிற டின், அளவு மட்டும் பெரிது. விக் கொடுத்த கார்டைச் செருகினால் எடுக்கவில்லை. பின்னால் ஆறு பேர் வரிசையில். கார்டில் ஏற்றியிருக்கும் அதே அளவு டின்தான் செல்லுமாம். சின்னது வேறு கடையில் கிடைத்தது.

உன் அண்ணன் மகளுக்கு ஒன்று மட்டும் சொல்: டாக்டரிடம் காகிதம் வாங்கும்போதே பவுடர் பெயர், ஒருநாள் அளவு, எத்தனை மாதம், நோயின் பெயர், கையெழுத்து, தேதி, இத்தனையும் இருக்கிறதா என்று பார்த்துவிட்டு நகரச் சொல். விக்கில் மறுத்தால் மேலே விசாரணை கேட்கவும் உரிமை உண்டு, அதற்குக் குறைந்தது 60 நாள் அவகாசம் தந்தாக வேண்டும். பிள்ளைக்கு இந்தச் சங்கடமே வராமல் இருக்கட்டும், அது வேறு.

பேத்தி தேறிவிட்டாள், கன்னம் வைத்துவிட்டது. அந்தப் பால் என்ன நாற்றம் தெரியுமா? அழுகின உருளைக்கிழங்கு மாதிரி. விரலில் தொட்டு நக்கிப் பார்த்தேன், வேப்பங்கொழுந்து தோற்றது. இவளோ புட்டியை வாயிலிருந்து எடுக்கவே விடமாட்டேன் என்கிறாள்.

காலி டின் பதினொன்று சேர்ந்திருக்கிறது. நல்ல மூடி. சித்திரையில் வரும்போது உனக்கு இரண்டு கொண்டுவருகிறேன், உளுந்து போட்டுவைக்கலாம். நீ எனக்கு உடன்குடிக் கருப்பட்டி இரண்டு கிலோ வாங்கி வை.

உன்,
மங்கை