ஈரிருள் விழாவுக்குக் கை கொடுத்த எல்லோருக்கும்

கதை முடிந்துவிட்டது. "எப்போதான் முடிப்பே" என்று கேட்டுக் கேட்டு ஓய்ந்துபோனவர்கள் முதலில் இதைத் தெரிந்துகொள்ளட்டும்.

இன்னும் படிக்காதவர்களுக்கு மட்டும் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். என் கதை உலகத்துக்கு இரண்டு நிலா. பெரியதற்கு 29 நாளைக்கு ஒரு அமாவாசை, சின்னதற்கு 11 நாளைக்கு ஒன்று. இரண்டு அமாவாசையும் ஒரே ராத்திரியில் விழுந்தால் அதுதான் ஈரிருள். அன்றைக்குக் கடல் வெகுதூரம் உள்ளே போய்விடும், ஊர் சனம் கொட்டாங்கச்சி விளக்கை ஏந்திக்கொண்டு சேற்றில் நடந்துபோய், போன விழாவுக்கு அப்புறம் கடலோடு போனவர்களின் பேரைச் சொல்லி, நடுவில் இருக்கும் கல்மேடையில் விளக்கு வைத்துவிட்டுத் திரும்பும்.

டீச்சர், முதல் நன்றி உங்களுக்கு. விழா வருஷா வருஷம் அறுவடை முடிந்ததும் வரும் என்று நான் அழகாக ஒரு பத்தி எழுதியிருந்தேன். நீங்கள் ஓரத்தில் சிவப்பு மையில், "29 × 11 = 319. உன் உலகத்தில் வருஷத்துக்கு 360 நாள். மீதி 41 நாள் எங்கே?" என்று எழுதி அனுப்பினீர்கள். இரண்டு அமாவாசையும் 319 நாளைக்கு ஒருமுறைதான் சேரும், அதனால் விழா ஒவ்வொரு தடவையும் 41 நாள் முந்திவிடும். உண்மையைச் சொன்னால் இரண்டு நாள் உங்கள் மேல் கோபம். அறுவடை, கோலம், புது நெல் என்று எழுதினதெல்லாம் போச்சே என்று.

அந்தக் கோபத்தைத் தோழியிடம் போய்க் கொட்டினால் அவள் சிரிக்கிறாள். "இதுக்கா முழிக்கிறே? ரம்ஜான் வருஷத்துக்குப் பத்து பதினோரு நாள் முன்னாடி வந்துக்கிட்டேதான் இருக்கு, 33 வருஷத்தில் ஒரு முழுச் சுற்று. சின்னப் பிள்ளையில் மழையில் பிடிச்ச நோன்பை எங்கம்மா அப்புறம் கத்திரி வெயிலில் பிடிச்சாங்க." அந்த ஒரு வார்த்தையில்தான் கதைக்கு உயிர் வந்தது. எட்டு வருஷத்தில் ஒன்பது ஈரிருள் என்று கணக்கு போட்டு, ஒவ்வொன்றையும் வேறு வேறு பருவத்தில் நடந்து பார்த்த கிழவியை எழுதினேன். பலருக்குப் பிடித்த பாத்திரம் அவள்தான். அவளில் பாதி உன் அம்மாதான், தோழி.

குஜராத் பாவ்நகரில் வேலை பார்க்கும் மச்சானுக்குத் தனி நன்றி. கடலுக்குள் மேடை என்றதும், "இங்கேயே இருக்கே" என்று கோலியாக் கரையிலிருந்து வீடியோ அனுப்பினார். நிஷ்களங்க மகாதேவர் கோயில். கடல் ஏறினால் ஐந்து லிங்கமும் முங்கிவிடும், கொடிமரம்தான் வெளியே தெரியும், வற்றினால் சனம் ஈர மண்ணில் நடந்துபோய்க் கும்பிட்டுவிட்டு வருகிறது. ஆவணி அமாவாசைக்கு அங்கே திருவிழாவே உண்டாம். வீடியோவில் ஒரு அம்மா செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு, குதிகாலைச் சேற்றிலிருந்து பிடுங்கிப் பிடுங்கி நடக்கிறார். அந்த நடையை அப்படியே எடுத்துக்கொண்டேன்.

நாகப்பட்டினம் பெரியவரே, நீங்கள் மட்டும் இல்லையென்றால் என் கதாநாயகி செத்திருப்பாள். மேடையிலேயே படுத்துத் தூங்கி விடியலில் எழுந்து வருவதாக எழுதியதை வாசித்துக் காட்டினேன். வலையிலிருந்து தலையைத் தூக்காமலே, "அவ எழுந்திருக்க மாட்டா தம்பி" என்றீர்கள். இறங்க ஆறு மணி நேரம், ஏற ஆறு மணி நேரம், கடல் யாருக்காகவும் நிற்காது என்று அப்புறம் விளக்கினீர்கள். ஒரு துறையில் அமாவாசை வத்தம், அதாவது கடல் வற்றி நிற்கும் நேரம், எப்போதும் ஏறக்குறைய ஒரே நேரத்தில் வரும் என்று போகிற போக்கில் சொன்னதையும் விடவில்லை. கதையில் திரும்பச் சொல்லி அடிக்கும் மணி அங்கிருந்து வந்தது.

எட்டாவது படிக்கும் அண்ணன் மகனுக்கும் நன்றி. "ரெண்டும் அமாவாசைன்னா சூரிய கிரகணம் வரணுமே சித்தப்பா?" நல்ல கேள்விடா. நம்ம நிலாவின் பாதை ஐந்து டிகிரி சாய்ந்திருப்பதால்தான் இங்கே மாசாமாசம் கிரகணம் வருவதில்லை. அதையே காப்பியடித்து இரண்டு நிலாவையும் சாய்த்துவிட்டேன்.

கடைசியாக அம்மாவுக்கு. கணக்கு பிடிபடுவதற்காக ஃபேனில் நூல் கட்டி இரண்டு அட்டை நிலாவைத் தொங்கவிட்டு, சித்திரை முழுக்க அதைப் போடவே விடாமல் வைத்திருந்தேன். விசிறிக்கொண்டே பொறுத்துக்கொண்டாய். நேற்று இறக்கிவிட்டேன் அம்மா, ஃபேனைப் போட்டுக்கொள்.