செல்விக்கு, ராப் தீவிலிருந்து

அன்புள்ள செல்வி,

நாங்கள் நலம். உன் முழங்கால் வலி தேவலையா? அத்தைக்குக் கண் ஆபரேஷன் முடிந்ததா? எல்லோரையும் கேட்டதாகச் சொல். போனில் சொல்லலாம் என்றால் உன் வீட்டில் எல்லாம் ஸ்பீக்கரில்தான் ஓடும். அதனால்தான் கடிதம். படித்ததும் பீரோவில் வைத்துப் பூட்டிவிடு.

நேற்று கடலில் குளித்தேன். உடம்பில் பொட்டுத் துணி இல்லாமல்.

சிரித்து முடித்தாயா? சரி, முதலிலிருந்து சொல்கிறேன்.

குரோஷியா என்றால் எங்கள் ம்யூனிக்கில் எல்லோரும் துப்ரோவ்னிக்குக்குத்தான் ஓடுகிறார்கள். கப்பல் கப்பலாக ஆள் இறங்கி, சந்தில் நடக்க இடமில்லை. நாங்கள் வடக்கே வெலெபிட் மலைக்குப் போனோம். அங்கே பிரெமூஜிச் என்ற வனத்துறைப் பொறியாளர் 1930-33இல் போட்ட பாதை இருக்கிறது. 57 கிலோமீட்டர். சுண்ணாம்போ சிமென்ட்டோ இல்லாமல் கல்மேல் கல்லாக அடுக்கியது. பாறைக் காட்டுக்குள் அவ்வளவு சரிவில்லாமல் வளைத்து வளைத்துக் கொண்டு போயிருக்கிறார். உன் முழங்காலுக்கும் ஒத்துவரும், நிஜமாகத்தான் சொல்கிறேன். தண்ணீர்தான் பாடு. சுண்ணாம்புக்கல் மலை என்பதால் பெய்கிற மழையெல்லாம் பூமிக்குள் இறங்கிவிடுகிறது. ஆயிரம் மீட்டருக்கு மேல் ஆழமான குகைகளே உள்ளே இருக்கின்றன. தங்கும் குடில்களில் மழைநீரைத் தொட்டியில் பிடித்து வைத்திருக்கிறார்கள். ஸவிஜான் குடில் 1594 மீட்டரில். வானிலை நிலையமும் அதுவே, 1953இலிருந்து கணக்கெடுக்கிறார்கள். வாசலில் நின்றால் கீழே கடலும் தீவுகளும் தெரியும். அவசரப்படாமல் நடந்தோம். இவர் ஒவ்வொரு பூவுக்கும் உட்கார்ந்து எழுந்தார், உனக்குத்தான் தெரியுமே.

ஆலான் கணவாயிலிருந்து யாப்லானாட்ஸ் ஊருக்கு இறங்கி, பக்கத்துத் துறையில் ஃபெரி ஏறினோம். ராப் தீவின் மலையைப் பார்த்த பக்கம் மொட்டைப் பாறை. 'பூரா' என்று ஒரு காற்று, மலையிலிருந்து இறங்கிக் கடல் உப்பை அள்ளி அடித்து, ஒரு செடியை முளைக்க விடுவதில்லை. அந்தப்பக்கம் தாண்டினால் பைன் மரமும் ஓக் காடும்!

ராப் ஊரிலிருந்து படகில் போனால் கண்டரோலா கடற்கரை. 1936 ஆகஸ்டில் இங்கிலாந்து மன்னர் எட்டாம் எட்வர்டும் அவர் காதலி சிம்சன் அம்மாளும் இங்கே உடையில்லாமல் குளிக்க ஊராரிடம் அனுமதி கேட்டார்களாம். அதற்குப் பிறகு ஊருக்கே இது பெருமை. பாறையில் எஃப்.கே.கே. என்று எழுதியிருந்தது, உடையில்லாமல் இருக்கும் பழக்கத்துக்கு ஜெர்மன் சுருக்கம். அதைத் தாண்டினால் யாரும் துணி உடுத்துவதில்லை. போட்டோ கூடாது, உட்காருமிடத்தில் துண்டு விரிக்க வேண்டும், ஊருக்குள் வரும்போது உடுத்திக்கொள்ள வேண்டும். அவ்வளவுதான் சட்டம். நீ நினைக்கிற மாதிரி ஒன்றுமில்லை, செல்வி. பெரும்பாலும் தாத்தா பாட்டிகள். குறுக்கெழுத்துப் போடுகிறார்கள், பீச் பழம் நறுக்குகிறார்கள், பேரனுக்குச் சன் கிரீம் தடவுகிறார்கள். இவர் முதல் நாள் சட்டைப் பொத்தானைக்கூடக் கழற்றாமல் மரத்தடியில் இருந்தார். மறுநாள் எனக்கு முன்னால் தண்ணீரில்.

என் வெண்புள்ளிகள் உனக்குத் தெரியும். குறுக்குத்துறையில் நீங்களெல்லாம் பாவாடையை மார்பில் முடிந்துகொண்டு குதிப்பீர்கள், நான் படித்துறையில் துணிக்குக் காவல். இறங்கினால் எல்லோருக்கும் ஒட்டும் என்றாள் ஒருத்தி. நீ அவள் குடத்தை ஆற்றில் விட்டாயே! அதற்கு உனக்கு வீட்டில் விழுந்த அடி எனக்கு இன்னும் மறக்கவில்லை. ஒட்டாது என்று டாக்டரே எழுதிக் கொடுத்தும் யார் கேட்டார்கள்? அதற்குப் பிறகு முழுக்கைச் சட்டைதான், மே மாதமானாலும். ஜெர்மனிக்கு வந்தும் அப்படித்தான் இருந்தேன், யாரும் ஒன்றும் சொல்லாமலே.

நேற்று முதுகு, வயிறு, தொடை எல்லாவற்றோடும் பாறையிலிருந்து இறங்கினேன். வயிற்றில் நீளத் தையல் போட்ட பாட்டி ஒருத்தி, அந்தக் கல் வழுக்கும், இந்தப் பக்கமாக வா என்று கைகாட்டினாள். அவ்வளவுதான். தண்ணீர் ஜில்லென்று இருந்தது. இத்தனை வயதில் முதல் தடவையாகத் தோல் முழுக்கத் தண்ணீர் பட்டது, வெட்டவெளியில். அழுதேன், அப்புறம் நீந்தினேன், இவர் கூப்பிடும் வரை.

இதை உன்னைத் தவிர யாரிடம் சொல்வேன்? மாலதிக்குச் சொல்லாதே, மதுரை வரைக்கும் போய்விடும்.

அடுத்த செப்டம்பரில் வா. வெயில் தணிந்திருக்கும், கடல் இன்னும் சூடாக இருக்கும். 2023இலிருந்து குரோஷியாவும் ஷெங்கனில் இருப்பதால் எங்கள் வீட்டுக்கு எடுக்கிற விசாவே போதும். நீ புடவையோடே குளித்தாலும் சரிதான், ஆனால் அந்தக் கல்பாதையில் என்னோடு நடக்க வேண்டும். லீவு கிடைக்குமா என்று பள்ளியில் கேட்டு எழுது.

உன்
விஜயா